துண்டுக்கு அடியில்

இருபதாம் தேதிக்குள் பட்டியல்
கருவூலத்துக்குப் போய்ச் சேர வேண்டும்.
நான் இளநிலை உதவியாளர்.
ஆரம்ப சுகாதார நிலையத்தின் பின்னறையில்
தடுப்பூசிப் பெட்டிகளுக்கும்
முள் உடைந்த எடைக்கருவிக்கும் நடுவே
என் நாற்காலி.

கிருபாவதி, செவிலியர், நிரந்தரம்.
அவருக்கு ஒரு நிலை உண்டு, நிலைக்குள் கட்டம் உண்டு.
வருடத்துக்கு ஒருமுறை
தாயம் விழாமலே ஒரு கட்டம் கீழே இறங்குவார்.
இறங்க இறங்கத் தொகை ஏறும்.
அகவிலைப்படியை அரசாணை சொல்லும்.
வீட்டு வாடகைப்படியை ஊர் சொல்லும்.
எங்கள் ஊருக்கு அதில் பெயர்
வகைப்படுத்தப்படாத இடம்.
கிளுவை வேலி, கொறங்காடு, தூரத்துக் காற்றாலை,
நாளுக்கு நாலு பேருந்து,
இவையெல்லாம் என்ன வகையென்று
யாருக்கும் பிடிபடவில்லை போல.

மேகலாவும் செவிலியர்தான்.
அதே படிப்பு, அதே ராத்திரிப் பணி.
கட்டம் மட்டும் கிடையாது.
தொகுப்பூதியம், ஒரே எண்.
போன மாதத்தை நகலெடுத்து
இந்த மாதத்தில் ஒட்டுகிறேன்.
திருப்பூரில் தைக்கும் அவள் புருஷன்
ஒன்றரை ஷிப்ட் பார்த்தால்
ஒன்றரைக் கூலி எண்ணி வாங்குகிறான்.
"நம்மளுக்கு அந்த அரை ஷிப்ட்டே கெடையாதுங்ளா சார்?"
சிரித்தபடிதான் கேட்டாள்.
நானும் சிரித்துவைத்தேன்.

ரங்காத்தாள் என் பட்டியலிலேயே இல்லை.
தரை துடைக்கிறார், ரத்தத் துணி அலசுகிறார்,
ஈரோட்டு ஒப்பந்தக்காரர் ஒருவரின் நோட்டில் இருக்கிறார்.
அவர் வாங்குவது எனக்குத் தெரியும்.
அலுவல் முறையில் தெரியாது.

சித்திரையில் ஒரு ராத்திரி, ரெண்டே முக்கால்.
கரண்ட் போனது.
ஜெனரேட்டர் டீசலுக்கான கோப்பு
என் மேசையில் கையெழுத்துக்குக் கிடந்தது.
கண்ணபுரம் சந்தைக்கு மாடு ஓட்டும்
சென்னியப்பனின் மனைவிக்கு
சொன்ன தேதிக்கு நாலு நாள் முந்தி வலி.
தலை வந்துவிட்டது, தோள் மாட்டிக்கொண்டது.
கிருபாவதி காலை மடக்கிப் பிடிக்க
மேகலா அடிவயிற்றில் உள்ளங்கையை ஊன்றி அழுத்த
ரங்காத்தாள் செல்போன் வெளிச்சத்தை
ஆடாமல் பிடித்திருந்தாராம்.
பெண் குழந்தை. மூன்று கிலோ எழுநூறு.
பதிவேட்டில் நேரம் இருக்கிறது, எடை இருக்கிறது.
எந்தக் கை எவ்வளவு அழுத்தியது என்பதற்குக்
கலம் போடவில்லை.

காலையில் சென்னியப்பன் என் வாசலில் நின்றார்,
கையில் ஜிலேபிப் பொட்டலம்.
"ஏனுங், அந்த நர்சம்மாளுகளுக்கு என்னங்க குடுக்கறாங்க?"
வெளியே சொல்லக் கூடாதுங்க, என்றேன்.
"வாயில ஆருங்க சொல்லச் சொன்னது?"
என் வலக்கையைப் பிடித்துத்
தோள்துண்டை மேலே போட்டார்.
சோடிக் காளைக்கு விலை இப்படித்தான் படியும்.
பார்க்கிறவனுக்குத் துணி மட்டும் அசையும்.

கிருபாவதிக்கு அழுத்தினேன்.
"ம். பரவால்லீங்."
மேகலாவுக்கு ஒரு விரல்.
பிறகு ஐந்து, கூட மூன்று.
அவர் காத்திருந்தார்.
ஏதோ விட்டுப்போனதென்று
அவர் விரல்கள் என் விரல்களைத் துழாவின.
"இன்னும் இருக்குதுங்ளா?"
இல்லைங்க.
"இது வாரத்துக்குங்ளா?"

துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.
வெளிச்சம் பிடித்தவரைப் பற்றி
அவர் கேட்கவில்லை, நான் சொல்லவில்லை.
ஜிலேபி நன்றாக இருந்தது.

சந்தையில் துண்டுக்கு அடியில் இரண்டு கை உண்டு.
பிடிக்காவிட்டால் ஒன்று
உருவிக்கொண்டு போய்விடலாம்.
மேகலாவின் எண் படிந்த அன்று
அவள் கை எங்கே இருந்திருக்கும்?
யாருக்காவது குளுக்கோஸ் ஏற்ற
நரம்பு தேடிக்கொண்டிருந்திருக்கும்.

டீசல் கோப்பில் அன்றே கையெழுத்து வாங்கினேன்.
இருபதாம் தேதி மாலை ஐந்து மணிக்கு
மேகலாவின் வரிசையில்
போன மாத எண்ணை ஒட்டினேன்.
ஒரு விரல், ஐந்து, மூன்று.
மேலே துணி எதுவும் இல்லை.